அரட் கிலோ பக்கத்தில் பழைய அம்ஹாரிக் பத்திரிகைகளைச் சரிசெய்து ஸ்கேன் எடுத்துத் தரும் இடம்: 58 தாள் கொடுத்து வாங்கிய அனுபவம்

முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். உங்கள் வீட்டில் பழைய எத்தியோப்பியப் பத்திரிகை ஏதாவது கிடந்தால், ஒரே ஒரு தாளாக இருந்தாலும் சரி, அதை ஜெராக்ஸ் கடைக்குத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள். லேமினேஷன் பண்ணவே பண்ணாதீர்கள். அடிஸ் அபாபாவில் அரட் கிலோ சதுக்கத்திலிருந்து பத்து நிமிட நடையில் ஒரு இடம் இருக்கிறது. ஒரு பெரியவரும் அவர் மகளும் நடத்துகிறார்கள். எத்தியோப்பியாவின் அம்ஹாரிக் மொழியில் வந்த பழைய பத்திரிகைத் தாள்களைப் பிரித்து, நிமிர்த்தி, கிழிசலை ஒட்டி, ஸ்கேன் எடுத்து, இது எந்தத் தேதி, இதில் யார் யார் பெயர் வருகிறது என்று அட்டவணையும் போட்டுக் கொடுக்கிறார்கள். இரண்டு தவணையாக மொத்தம் 58 தாள் கொடுத்து வாங்கியிருக்கிறேன். பெயரையும் போன் நம்பரையும் எழுத வேண்டாம் என்று அவர்களே கேட்டுக்கொண்டார்கள். இருப்பது இரண்டு பேர், கையில் இருக்கிற வேலையே தலைக்கு மேல் கிடக்கிறது. அரட் கிலோவில் பத்திரிகை வாடகைக்குக் கொடுப்பவர்களிடம் கேட்டால் வழி சொல்வார்கள், நானும் அப்படித்தான் போய்ச் சேர்ந்தேன்.

ஆமாம், பத்திரிகை வாடகைதான். அடிஸ் அபாபா வராதவர்களுக்கு இது புதிதாக இருக்கும். சாலையோரத்தில் பத்திரிகைகளைப் பரப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள், வேலை விளம்பரம் பார்க்க வருகிற பையன்களும் பெண்களும் கொஞ்சம் சில்லறை கொடுத்து அங்கேயே திட்டில் உட்கார்ந்து படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் போவார்கள். ஒரே பிரதி ஒரு நாளில் எத்தனை கை மாறுகிறது என்று பார்த்தால்தான், பழைய இதழ்கள் ஏன் முழுசாகக் கிடைப்பதில்லை என்று புரிகிறது. படித்து முடிந்தது மெர்காட்டோ சந்தைக்குப் போய்ப் பொட்டலம் மடிக்கிற காகிதமாகிவிடும். வறுத்த பார்லி கோலோ வாங்கினால் அந்தப் பொட்டலத்தைப் பிரித்துப் படிக்கிற பழக்கம் எனக்கு இன்னும் போகவில்லை.

என் கதைக்கு வருகிறேன். என் அப்பா 1959-இல் கணக்கு வாத்தியாராக எத்தியோப்பியா போனவர். அந்தக் காலத்தில் கேரளத்திலிருந்தும் நம் பக்கத்திலிருந்தும் பள்ளிக்கூட வேலைக்கு நிறையப் பேர் அங்கே போனார்கள். ஏழு வருடம் கழித்து நாகர்கோவில் திரும்பும்போது ஒரு சின்ன டிரங்குப் பெட்டி கொண்டுவந்தார். தகரம் துருப்பிடித்துத் துணியில் கறை பட்டுவிடக் கூடாதென்று அதன் உள்பக்கம் முழுக்க அடிஸ் ஸெமென் என்ற அம்ஹாரிக் பத்திரிகையின் தாள்களை ஒட்டி வைத்திருந்தார், அடியில் இன்னும் கொஞ்சம் தாள்களை மடித்துப் போட்டிருந்தார். சின்ன வயதில் அந்த எழுத்துகளைப் பார்த்துப் பார்த்து, காலும் கையும் முளைத்த எழுத்து என்று நானும் தங்கையும் பேர் வைத்திருந்தோம். இப்போது ஆறு வருடமாக நானே அடிஸ் அபாபாவில் பாடம் எடுக்கிறேன். அந்தப் பெட்டியை அப்படியே விமானத்தில் கொண்டு வந்தேன்.

அடிஸ் ஸெமென் என்றால் 'புதிய காலம்' என்று பொருள். இத்தாலிக்காரர்கள் ஐந்து வருடம் பிடித்து வைத்திருந்த தலைநகருக்குப் பேரரசர் ஹைலே செலாசி திரும்பி வந்தது 1941 மே 5. அதற்கு ஒரு மாதம் கழித்து ஜூன் 7-ஆம் தேதி முதல் இதழ் வந்தது. இன்று வரைக்கும் வந்துகொண்டிருக்கிறது. அதாவது பேரரசர் காலம், 1974-க்குப் பிறகு தெர்க் ராணுவ ஆட்சி, 1991-க்குப் பிறகு வந்த ஆட்சி என்று மூன்று காலத்தையும் ஒரே பெயரில் பார்த்த பத்திரிகை. அரசாங்கப் பத்திரிகைதான், அரசாங்கம் சொல்வதைத்தான் சொல்லும். ஆனால் ஒரு நகரம் எதை வாங்கியது, என்ன படம் பார்த்தது, எந்தப் பள்ளியில் யார் பரிசு வாங்கினார்கள், எந்த ஊருக்குச் சாலை போட்டார்கள் என்பதெல்லாம் வேறு எங்கேயும் இவ்வளவு வரிசையாகக் கிடைக்காது. இதற்கு முன்னால் 1925-இலிருந்து இத்தாலியப் படையெடுப்பு வரைக்கும் பெர்ஹானென்னா செலாம், அதற்கும் முன்னால் பேரரசர் மெனெலிக் காலத்தில் ஒரு கிரேக்கர் கையால் எழுதிப் பிரதி எடுத்த அய்மெரோ. இந்த இரண்டின் தாளும் என் கையில் வந்ததில்லை. பெர்ஹானென்னா செலாம் தாள் ஒன்றை இந்தக் கடையில்தான் முதல் தடவையாகப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன், வேறு யாரோ கொடுத்திருந்தது.

இங்கே வருவதற்கு முன்னால் நான் ஒரு தப்புச் செய்திருந்தேன். பெட்டி ஊரில் இருந்தபோதே, தனியாகக் கிடந்த நாலு தாளை ஒரு கடையில் கொடுத்து லேமினேட் பண்ணினேன். அப்போது பளபளவென்று நன்றாகத்தான் இருந்தது. மூன்று வருடத்தில் காபிப் பொடி நிறத்துக்கு வந்துவிட்டது. பத்திரிகைத் தாள் மரத்தை அரைத்த கூழில் செய்வது, மரத்தில் இருக்கிற லிக்னின் அதிலேயே தங்கிவிடும், வெளிச்சமும் காற்றும் பட்டால் அது அமிலமாகித் தாளை உள்ளுக்குள்ளேயே தின்னும். பிளாஸ்டிக்கில் அடைத்துவிட்டால் அந்த அமிலத்துக்கு வெளியே போக வழியே கிடையாது. சூட்டில் ஒட்டின பிளாஸ்டிக்கைத் திரும்பப் பிரிக்கவும் முடியாது. பெரியவர் அந்த நாலு தாளையும் கையில் வாங்கி ஜன்னல் வெளிச்சத்தில் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை, தனியாக ஒரு உறையில் போட்டு, "இதை அப்படியே படம் எடுத்துக்கொள்வோம் மெம்ஹிர், வேறு எதுவும் செய்ய வேண்டாம்" என்றார். மெம்ஹிர் என்றால் வாத்தியார். இந்தியர் என்றாலே வாத்தியார்தான் என்று அந்தத் தலைமுறைக்கு ஒரு எண்ணம், என் விஷயத்தில் அது சரியாகவும் போய்விட்டது. நான் அவரைக் காஷே என்று கூப்பிடுவேன், நம் ஊரில் பெரியவர்களை ஐயா என்பது போல.

கடை என்று சொன்னாலும் இரண்டு அறை கொண்ட வீடுதான். முன்னறையில் காபி. அதைக் குடித்து முடித்துக் கை கழுவித் துடைத்த பிறகுதான் உள்ளறைக்குள் விடுவார்கள். உள்ளே தண்ணீர் பாட்டில்கூட கூடாது, பேனா கூடாது, பென்சில் மட்டும்தான். இதெல்லாம் பெரிய நூலகங்களில் இருக்கிற ஒழுங்கு, ஒரு வீட்டுக்குள் பார்த்தபோதே எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது.

பெட்டியின் அடியில் ஒட்டியிருந்த தாளை எடுத்ததைத்தான் விவரமாகச் சொல்ல வேண்டும். நானாக இருந்தால் கத்தியை விட்டு நெம்பியிருப்பேன். அவர் ஒரு பழைய பருத்தித் துணியை நனைத்துப் பிழிந்து, அதைத் தாளின் மேல் படாதபடி ஒரு கொசுவலைத் துண்டுக்கு மேலே விரித்து, பெட்டியை மூடிவிட்டார். ஈரம் நேராகப் படாமல் ஆவி மட்டும் மெதுவாக இறங்க வேண்டுமாம். மதியம் வைத்தது, சாயங்காலம் வரைக்கும் யாரும் திறக்கவில்லை. நடுவில் இரண்டு தடவை மூடியை விரல் அகலம் தூக்கி மோந்து மட்டும் பார்த்தார். அப்புறம் மெல்லிய எலும்புத் தகடு ஒன்றை விளிம்பில் செருகி, நெம்பாமல், சும்மா அப்படியே படுக்கையாகத் தள்ளிக்கொண்டே போனார். அப்பா தடவியது வீட்டில் காய்ச்சிய மாவுப் பசை, ஈரத்துக்கு இளகிவிட்டது. ஒரு மூலையில் உள்ளங்கை அகலம் மட்டும் தகரத்தோடு போய்விட்டது, மிச்சம் முழுத் தாளாக வந்தது. உடனே இரண்டு பக்கமும் உறிஞ்சு தாள் வைத்து, கண்ணாடிப் பலகையும் புத்தகங்களும் ஏற்றி அழுத்தி வைத்தார்.

கிழிசல் ஒட்டுவதும் அப்படித்தான். செலோடேப் என்ற பேச்சே கிடையாது. காய்ந்த டேப்பின் பசை மஞ்சளாகி எழுத்துக்குள் இறங்கியிருந்த ஒரு தாளைக் காட்டினார், அதைப் பார்த்தபின் இனி எந்தக் காகிதத்துக்கும் டேப் போட மனசு வராது. இவர்கள் வைப்பது மெல்லிய ஜப்பானியக் காகிதமும் கோதுமை மாச்சத்துப் பசையும். நம் ஊர் சினிமா போஸ்டருக்குக் காய்ச்சுகிற மைதாப் பசை மாதிரிதான் முதலில் தோன்றும், ஆனால் மாவிலிருந்து பசைப்புரதத்தைக் கழுவி எடுத்துவிட்டு மாச்சத்தை மட்டும் காய்ச்சுவார்கள். நாளைக்கே பிரிக்க வேண்டியிருந்தால் ஈரம் காட்டினால் வந்துவிடும்.

ஸ்கேன் என்று சொன்னாலும் ஸ்கேனர் இல்லை. மேலிருந்து தொங்குகிற கேமரா, இரண்டு பக்கமும் சாய்வாக விளக்கு. தாளின் கீழே கறுப்புக் காகிதம் வைக்கிறார்கள். வெள்ளைப் பலகைமேல் வைத்தால் பின்பக்க எழுத்து முன்பக்கம் தெரிந்து படிக்கவே முடியாமல் போய்விடும், கறுப்பு வைத்தால் அது அடங்கிவிடுகிறது. இவ்வளவு சின்ன விஷயம், எனக்குத் தெரியாமல் போனில் நூறு படம் எடுத்து வீணாக்கியிருக்கிறேன். பெரிய தாளை இரண்டு பாதியாக, நடுவில் கொஞ்சம் மேலேறினாற்போல் எடுத்து ஒட்டுகிறார்கள். கையில் கொடுப்பது இரண்டு வகை: சுருக்காத டிஃப் கோப்பு, பத்திரமாக வைத்துக்கொள்ள; பிடிஎஃப், படிக்க. படத்தின் ஓரத்தில் அளவுகோலும் நிறப்பட்டையும் இருக்கும்.

சரி, இதெல்லாம் கவனமாகச் செய்கிற யாரும் செய்வதுதான், அடிஸ் அபாபாவில் கேமரா வைத்திருப்பவர்களும் நிறையப் பேர். நான் இந்த இடத்தைத் தேடிப்பிடித்துப் பரிந்துரைப்பதற்குக் காரணம் மகள் போடுகிற அட்டவணை. ஸ்கேன் மட்டும் எடுத்து வைத்தால் டிரங்குப் பெட்டியிலிருந்து ஹார்ட் டிஸ்குக்கு இடம் மாறியிருக்கும், அவ்வளவுதான். எந்தத் தேதி, என்ன செய்தி, யார் பெயர் என்று தேட முடிந்தால்தான் அது ஆராய்ச்சிக்கு ஆகும்.

தேதியிலேயே ஆரம்பிக்கிறேன், ஏனென்றால் அங்கேதான் நான் சறுக்கினேன். எத்தியோப்பிய வருடம் நம்முடையதைவிட ஏழெட்டு வருடம் பின்னால் இருக்கும். செப்டம்பர் 11 அவர்களுக்குப் புத்தாண்டு, சில வருடம் 12. 30 நாள் கொண்ட 12 மாதம், அப்புறம் பாகுமே என்று 5 நாளோ 6 நாளோ மட்டும் கொண்ட 13-ஆவது மாதம். பெட்டியின் அடியிலிருந்து வந்தது என்று சொன்னேனே, அந்தத் தாளில் அபெபே பிகிலாவின் பெயர் தலைப்பில் இருந்தது. ஃபிதெல் என்கிற அம்ஹாரிக் எழுத்தைக் கூட்டிப் படிக்கக் கற்றிருந்ததால் அதை மட்டும் கண்டுபிடித்துவிட்டேன். செருப்பில்லாமல் ஓடி ரோம் ஒலிம்பிக் மாரத்தானில் 2 மணி 15 நிமிடம் 16 வினாடியில் தங்கம் வாங்கிய அபெபே. தேதி இருந்த இடம் தகரத்தோடு போன அந்த மூலை. ரோம் ஒலிம்பிக் 1960, எட்டைக் கழித்தால் 1952 என்று உறையின்மேல் பென்சிலால் எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

பெரியவரின் மகள் அதை அடித்துவிட்டு 1953 என்று எழுதியிருந்தாள். ஏன் என்று கேட்டேன். அந்த ஓட்டம் நடந்தது செப்டம்பர் 10. எத்தியோப்பியக் கணக்கில் அது பாகுமே 5, அதாவது 1952-ஆம் வருடத்தின் கடைசி நாள். ஓட்டம் சாயங்காலம் தொடங்கி இருட்டின பிறகு, வழியில் தீப்பந்தம் பிடித்துக்கொண்டு நின்ற வெளிச்சத்தில்தான் முடிந்தது. விடிந்தால் முதல் மாதமான மெஸ்கெரெம் 1, 1953. ஆக, அந்தச் செய்தி பழைய வருடத்துப் பத்திரிகையில் இருக்க வழியே இல்லை. புத்தாண்டுக் காலையில் ஒரு தேசத்துக்கு வந்த செய்தி அது. நூலகத்தில் 1952-ஆம் வருடத்துத் தொகுப்பை வாங்கிப் புரட்டினால் கடைசி வரைக்கும் தேடிவிட்டு இல்லை என்று திரும்பி வர வேண்டியதுதான், நானே அப்படி வந்திருப்பேன். செப்டம்பர் புத்தாண்டு முதல் டிசம்பர் முடியும் வரை 7 கழிக்க வேண்டும், ஜனவரியிலிருந்து 8. இந்த ஒரு வித்தியாசத்தில் எத்தனை கட்டுரைகளில் அடிக்குறிப்புத் தேதி தப்பாகியிருக்குமோ தெரியாது. இவர்கள் ஒவ்வொரு தாளுக்கும் இரண்டு காலண்டர் தேதியும் பக்கத்தில் பக்கத்தில் போட்டுத் தருகிறார்கள்.

எண்களிலும் ஒரு விஷயம் இருக்கிறது, தமிழர்களுக்கு இது பிடிக்கும். என்னிடமிருந்த சில தாள்களில் வருடம் எத்தியோப்பியாவின் பழைய மொழியான கீஸின் எண்களில் இருந்தது. அந்த முறையில் பூஜ்யம் கிடையாது, பத்துக்கு ஒரு குறி, ஐம்பதுக்கு ஒரு குறி, நூறுக்கு ஒரு குறி. 1953 என்பதைப் பத்து, ஒன்பது, நூறு, ஐம்பது, மூன்று என்று ஐந்து குறியில் எழுதுவார்கள். நம் பழைய முறையில் ௲௯௱௫௰௩ என்று எழுதுகிற அதே வகை. பழைய பத்திரப் பேப்பர்களில் இதைப் படித்துப் பழகியவர்களுக்குக் கீஸ் எண் ஒரு மணி நேரத்தில் வந்துவிடும். ஆனால் மங்கின அச்சில் ஆறும் ஏழும் ஒன்றுபோலத் தெரியும், அங்கே பெரியவரின் கண் வேண்டும். அவர் வேலை பார்த்தது ஒரு அச்சகத்தில், ஈய எழுத்துக் கோக்கிற கம்பாசிட்டராக. ஃபிதெலில் 33 அடிப்படை எழுத்து, ஒவ்வொன்றுக்கும் ஏழு வடிவம், நம் உயிர்மெய் மாதிரியே. 231 எழுத்தும் அதற்கு மேல் வருகிற கூட்டெழுத்தும் எந்தக் குழியில் கிடக்கிறது என்று விரலுக்குத் தெரிந்தவர். பாதி தேய்ந்த எழுத்தைப் பார்த்து இது ஐந்தாவது வடிவம், வளையம் உடைந்துவிட்டது என்று சொல்லிவிடுகிறார்.

அப்புறம் எழுத்துக்கூட்டு. அம்ஹாரிக்கில் 'ஹ' ஒலிக்கு மூன்று நாலு எழுத்து இருக்கிறது, 'ச' ஒலிக்கு இரண்டு, 'அ'வுக்கு இரண்டு. ஒரு காலத்தில் வேறு வேறு ஒலியாக இருந்து, இன்று பேச்சில் ஒன்றாகிவிட்டவை. நமக்கு ந-வும் ன-வும் போல என்று வைத்துக்கொள்ளலாம், ஆனால் நாம் எது எங்கே வரும் என்று இலக்கணத்தில் கட்டி வைத்திருக்கிறோம், அங்கே எழுதுபவர் கைக்கு வந்ததைப் போடுவது சகஜம். பேரரசர் பெயரையே எடுத்துக்கொள்ளுங்கள். ஹைலே என்பதில் ஹ வருகிறது, செலாசி என்பதில் ச வருகிறது. எந்த ஹ, எந்த ச என்பதைப் பொறுத்து ஒரே பெயர் பல விதமாக அச்சில் வரும். கணினியில் ஒரு விதமாகத் தட்டித் தேடினால் மற்ற விதத்தில் இருக்கிறதெல்லாம் கண்ணில் படாது. மகள் செய்வது என்னவென்றால், தாளில் இருக்கிறபடியே ஒரு பத்தியில் தட்டுகிறாள், ஒரே ஒலி எழுத்துகளையெல்லாம் ஒன்றாக்கின வடிவத்தைப் பக்கத்துப் பத்தியில் வைக்கிறாள், தேடுவது இரண்டாவதில். கேட்கச் சின்ன வேலையாக இருக்கும், இதைச் செய்யாத ஒரு அட்டவணையோடு மல்லுக்கட்டிப் பார்த்தவர்களுக்குத்தான் அருமை தெரியும்.

ஆள் பெயர்களை அவரவர் சொந்தப் பெயரில் வரிசைப்படுத்துகிறார்கள். எத்தியோப்பியர்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது, தன் பெயரும் அப்பா பெயரும்தான். வெளிநாட்டு அட்டவணைகளில் அப்பா பெயரைக் குடும்பப் பெயராக்கித் திருப்பிப் போட்டிருப்பதைப் பார்த்திருக்கிறேன், பாஸ்போர்ட்டில் இனிஷியலை விரிக்கச் சொல்லும்போது நாம் படுகிற பாடுதான் அது. இங்கே அந்தக் குழப்பம் இல்லை. இந்தியப் பெயர்களைக் கண்டுபிடிக்கத்தான் நான் கூட உட்கார வேண்டியிருந்தது. ஞ அவர்களிடம் இருக்கிறது, ழ இல்லை, ள இல்லை. அரைகுறையாக வந்த ஒரு பெயரை நானும் அவளும் மாற்றி மாற்றி உச்சரித்துப் பார்த்து, கடைசியில் அது பிள்ளை என்று கண்டுபிடித்தோம். அப்பா பெயர் எந்தத் தாளிலும் இல்லை. எனக்கு அதில் வருத்தம் இருக்கிறது, சொல்லாமல் விட முடியவில்லை.

கணினியே படித்துக்கொள்ளாதா என்று கேட்பீர்கள். டெஸராக்ட் என்ற இலவச மென்பொருளுக்கு அம்ஹாரிக் தெரியும், புதிதாக அச்சான சுத்தமான பக்கத்தில் போட்டுப் பாருங்கள். ஈய எழுத்தில் அச்சான அறுபது வருடத்துத் தாளில் நிலைமை வேறு. ஒரே எழுத்தின் ஏழு வடிவத்துக்கும் வித்தியாசம் ஒரு சின்னக் கோடோ வளையமோ தான், தாளின் மடிப்பு ஒன்று குறுக்கே போனால் போதும், வேறு எழுத்தாகிவிடும். 1978-க்கு முந்தைய தமிழ்ப் புத்தகத்தில் பழைய னை, ணா வருகிற இடங்களில் என்ன ஆகிறது என்று பார்த்தவர்களுக்குப் புரியும். அதனால் பழைய தாளுக்கு இவர்கள் தலைப்பையும் பெயர்களையும் கையால்தான் தட்டுகிறார்கள், செய்தி முழுவதையும் எழுத்தாக்கித் தருவதாகச் சொல்வதில்லை. நேர்மையான முடிவு என்று நினைக்கிறேன். 1990-களில் தனியார் பத்திரிகைகள் வந்த காலத்து ஃப்ளாப்பி, சிடி வைத்திருப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. யூனிகோடில் எத்தியோப்பிய எழுத்து சேர்ந்ததே 1999-இல்தான், அதற்கு முன்பு விஷுவல் கீஸ், பவர் கீஸ் என்று ஆளுக்கொரு எழுத்துருவில் தட்டினார்கள். நம் பாமினிக் கோப்புகள் மாதிரிதான், எழுத்துரு இல்லாமல் திறந்தால் குப்பையாகத் தெரியும். அவற்றை மாற்றித் தருகிற வேலையும் மகள் செய்கிறாள், நான் கொடுத்துப் பார்த்ததில்லை.

குறைகளையும் சொல்ல வேண்டும். ரொம்ப மெதுவு. மூன்று வாரம் என்று சொன்ன முதல் தவணைக்கு ஏழு வாரம் ஆனது, நடுவில் மின்சாரம் போவதும் ஒரு காரணம். அந்தத் தவணையில் படங்களின் ஓரத்தை ஒட்ட வெட்டியிருந்தார்கள், இதழ் எண் இருந்த வரி பாதி போயிருந்தது. சுட்டிக்காட்டியதும் எல்லாவற்றையும் காசு வாங்காமல் திரும்ப எடுத்துக் கொடுத்தார்கள், இருந்தாலும் உடைகிற தாளை இரண்டாவது தடவை மேஜையில் ஏற்ற வேண்டியதாகிவிட்டது, அது எனக்கு உறுத்தல்தான். நீங்கள் கொடுக்கும்போதே ஓரம் விட்டு எடுக்கச் சொல்லிவிடுங்கள். அட்டவணை அம்ஹாரிக்கில் மட்டும்தான், ஆங்கிலம் வேண்டுமென்றால் தனிக்காசு. விளம்பரங்களைக் கேட்டால் மட்டுமே அட்டவணையில் சேர்ப்பார்கள், தயவுசெய்து கேளுங்கள். என் தாள்களில் சினிமாக் கொட்டகை விளம்பரங்களில் இந்திப் படங்கள் வருகின்றன, தையல் மெஷின், ரேடியோ, பள்ளிக்கூட அட்மிஷன் எல்லாம் வருகிறது. அப்பா ஞாயிற்றுக்கிழமை என்ன செய்திருப்பார் என்று தலைப்புச் செய்தியைவிட இவைதான் எனக்குச் சொல்கின்றன.

காசு விஷயம்: நிமிர்த்தல், ஒட்டல் எதுவும் தேவைப்படாத தாள் ஒன்றுக்குப் படமும் அட்டவணையும் சேர்த்து, பியாசா பக்கத்துக் கடையில் இரண்டு மக்கியாத்தோ காபி குடிக்கிற காசு. ஒட்டு வேலை தாளைப் பார்த்துப் பேசிக்கொள்வது. வெளியூர்க்காரன் என்று கூட்டிச் சொல்லவில்லை. கையில் ரொக்கமாக எடுத்துப் போங்கள். ரசீதில் சனிக்கிழமை 3 மணி என்று போட்டிருந்தால் அது காலை 9 மணி, அங்கே சூரியன் எழுகிற நேரத்திலிருந்துதான் கடிகாரம். என்னோடு வேலை பார்க்கிற ஒருவர் மதியம் 3-க்குப் போய்ப் பூட்டின கதவைப் பார்த்துவிட்டு வந்தார்.

ஆராய்ச்சிக்காகத் தேடுகிறவர்கள் இங்கே காசு செலவழிப்பதற்கு முன்னால் சிதிஸ்ட் கிலோவுக்குப் போங்கள். அங்கே இருக்கிற அடிஸ் அபாபா பல்கலைக்கழகத்தின் எத்தியோப்பிய ஆய்வு நிறுவனம் 1963-இல் தொடங்கியது, ரிச்சர்ட் பங்க்ஹர்ஸ்ட் முதல் இயக்குநர். அந்த வளாகம் முன்பு பேரரசரின் அரண்மனை. 1960 டிசம்பரில் அவர் பிரேசிலில் இருந்தபோது நடந்த ஆட்சிக்கவிழ்ப்பு முயற்சியில், பிடித்து வைக்கப்பட்ட பெரிய மனிதர்கள் சுடப்பட்டது அந்தக் கட்டிடத்தில்தான். அதன்பின் அதைப் பல்கலைக்கழகத்துக்குக் கொடுத்துவிட்டார். தாஹ்சாஸ் 1953, அதாவது அந்த 1960 டிசம்பர் பத்திரிகைகளை அதே வளாகத்தில் உட்கார்ந்து படிக்கும்போது எனக்குக் கொஞ்ச நேரம் பக்கம் புரட்டவே முடியவில்லை. 1944-இல் தொடங்கிய தேசிய நூலகமும் ஆவணக் காப்பகமும் இருக்கிறது. வெளிநாட்டில் இருப்பவர்கள், அமெரிக்க காங்கிரஸ் நூலகத்தின் நைரோபி அலுவலகம் 1966 முதல் கிழக்கு ஆப்பிரிக்க வெளியீடுகளைச் சேர்க்கிறது என்பதையும், சிகாகோவில் ஆய்வு நூலகங்களின் மையம் ஆப்பிரிக்கப் பத்திரிகைகளுக்கு மைக்ரோஃபிலிம் வைத்திருக்கிறது என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கெல்லாம் இருக்கிற இதழுக்கு நீங்கள் திரும்பக் காசு கொடுக்க வேண்டாம். ஆனால் வீடுகளில் மட்டும் தங்கியிருக்கிற தாள்களும் உண்டு. 1977, 78-இல் தெர்க் ஆட்சி தன் எதிர்ப்பாளர்களைக் கொன்ற சிவப்புப் பயங்கரம் நடந்த நாட்களில், சோதனைக்கு வந்தால் என்ன எடுப்பார்களோ என்று பயந்து, பக்கத்து வீடுகளில் காகிதத்தையெல்லாம் அடுப்பில் போட்டதைத் தானே பார்த்ததாகப் பெரியவர் சொன்னார். போடாமல் கோதுமை மூட்டைக்கு நடுவே ஒளித்து வைத்த ஒரு கட்டும் அவரிடம் வேலைக்கு வந்திருக்கிறது. அதைச் செய்யக் காசு வாங்கவில்லை என்று மகள்தான் சொன்னாள், அவர் சொல்லவில்லை.

உங்கள் சம்மதம் இருந்தால் ஸ்கேனில் ஒரு பிரதியை அவர்களும் வைத்துக்கொள்கிறார்கள், எந்தத் தேதி இதழ் யாரிடம் இருக்கிறது என்று நோட்டு ஒன்றில் குறித்து வருகிறார்கள். நான் சம்மதம் எழுதிக் கொடுத்தேன். மூலத் தாள்களை அமிலம் இல்லாத உறையில் போட்டுப் படுக்கையாக அடுக்கித் தந்தார்கள், மடிக்கக் கூடாது, நிற்க வைக்கக் கூடாது, ஜன்னல் பக்கம் கூடாது. பெட்டி காலியாகிவிட்டது. உள்ளே தகரத்தில் அந்த ஒரு மூலை மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது, தலைகீழாக, எழுத்து தகரத்தைப் பார்த்தபடி. அது தேதி இருந்த இடம் என்பதால் இன்னொரு தடவை ஆவி காட்டிப் பார்க்கலாமா என்று கேட்டேன். மழைக்காலம் முடியட்டும், இப்போது காற்றிலேயே ஈரம் ஜாஸ்தி, காகிதம் காய நாளாகும் என்றார் காஷே. மெஸ்கெரெமில் பெட்டியைக் கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்.